தரைப்பாலத்துப் பலகை

12 நவம்பர் 1975, புதன்.

இன்று பலகையைத் திருப்ப மறந்துவிட்டேன். புதுப்பட்டினம் தரைப்பாலத்தில் வெள்ளம் ஏறினால் ‘நில்’ பக்கத்தையும், வடிந்தால் ‘போகலாம்’ பக்கத்தையும் சாலைக்குக் காட்ட வேண்டியது என் வேலை. காலையில் தண்ணீர் வடிந்ததைப் பார்த்துவிட்டு நாஸ்தாவுக்கு வீட்டுக்குப் போனவன், அப்படியே கண்ணயர்ந்துவிட்டேன்.

திரும்பி வந்தால், காய்ந்து கிடக்கும் பாலத்துக்கு முன்னால் ஒரு லாரி வழியை அடைத்து நிற்கிறது. அதன் பின்னால் கல்யாண வேன். மாப்பிள்ளை மாலையும் கழுத்துமாகக் கீழே இறங்கி நிற்கிறார். நிக்காஹ்வுக்கு நேரமாகிவிட்டதாம்.

“தண்ணிதான் இல்லியே, போவறதுக்கு இன்னா?” என்று லாரி டிரைவரைக் கேட்டேன்.

“நேத்து ஒன் பலகைய மதிக்காம எறங்கி, நடுத்தண்ணில வண்டி நின்னு பூட்ச்சு அண்ணாத்த. இன்னிக்கு நீ வாயால சொன்னா நவுற மாட்டேன். பலகைய திருப்பு.”

மூன்று மழைக்காலமாக வெள்ளத்தில் நின்று கத்தியிருக்கிறேன்; ஒருத்தனும் மதித்ததில்லை. சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டு, மெதுவாகத் திருப்பினேன். மாப்பிள்ளை எனக்கு சலாம் வைத்துவிட்டு வேனில் ஏறினார்.

தூங்கிப்போனதை ஓவர்சியரிடம் சொல்லப் போவதில்லை. சலாமை மட்டும் சொல்வேன்.