கூடாரத்தில் சிரித்த அய்யாவுக்கு

எதிர்மனையில் வீடு கட்டுகிறார்கள், அய்யா. கொட்டிக் கிடந்த ஆற்று மணலில் காலையில் தண்ணீர் தெளித்தார்கள். அந்த ஈரமணல் வாசம் மூக்கில் ஏறியதும் கையிலிருந்த முறத்தை அப்படியே வைத்துவிட்டேன். நாம் மணல் தரையில் உட்கார்ந்து படம் பார்த்த கூடாரக் கொட்டகையும் இதே வாசம்தானே அடிக்கும்!

பரவையிலிருந்து ஏற்றிவந்த வெங்காயத்தை மதுரையில் விற்ற கையோடு என்னை அங்கே கூட்டிப்போனீர்கள். தாயில்லாப் பிள்ளை என்று எனக்கு எதையும் மறுத்ததில்லை நீங்கள். ஊமைப்படம். வெள்ளைக்காரச் சிறுசுகள் இரண்டு வீட்டுக்குத் தெரியாமல் ஓடுகின்றன. பெண்ணின் அப்பன் துரத்துகிறான், குளத்தில் விழுகிறான். நீங்கள் சிரித்த சிரிப்பில் முன்னால் இருந்தவர் திரும்பிப் பார்த்தார். கடைசியில் அப்பன்காரன் சொட்டச் சொட்ட நின்று அவர்களைப் பார்த்து வாயை அசைத்தான். திரைக்குப் பக்கத்தில் நின்று தகரக் குழலை வாயில் வைத்துக் கதை சொல்லும் ஆள், "அட கழுதைகளா, வீட்டுக்கு வந்து சோறு தின்னுங்க!" என்று கத்தினான். கொட்டகையே விசிலடித்தது. நீங்கள் துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டீர்கள்.

வண்டியில் திரும்பும்போது கேட்டேன். "அந்த அப்பன் நெசமா அதைத்தான் சொன்னானா அய்யா?"

"பெத்தவன் வேற என்னத்தத் தாயி சொல்லுவான்?" என்றீர்கள்.

அதை நம்பித்தான், வளர்ந்தபின் வேற்றுச் சாதி மில் தொழிலாளி ஒருவரோடு பழங்காநத்தத்துக்கு வந்தேன். நீங்கள் என்னைத் தலைமுழுகிவிட்டீர்கள். எவன் பெண்ணோ ஓடினால் சிரிப்பு, உங்கள் பெண் என்றால் தலைமுழுக்கா? இந்தக் கோபம் எனக்கு இன்னும் ஆறவில்லை, அய்யா.

ஒருநாள் குழாயடியில் குடத்தோடு நிமிர்ந்தால், தெருவுக்கு எதிர்ப்புறம் நீங்கள். நடுவில் ஒரு கல்யாண ஊர்வலம். தவிலும் நாயனமும் காதைப் பிளந்தன. என்னைப் பார்த்து உங்கள் உதடு அசைந்தது.

"கேக்கல அய்யா!" என்று கத்தினேன்.

மறுபடி அசைந்தது. கூட்டம் கடந்தபோது உங்களைக் காணோம். குடத்தைப் போட்டுவிட்டுத் தெருமுக்குவரை ஓடினேன்.

அதற்குப் பிறகு வந்தது உங்கள் சாவுச் செய்திதான். பங்காளிகள் வாசலிலேயே மறித்துவிட்டார்கள். முகம்கூடப் பார்க்க விடவில்லை. பாவிகள்!

"திட்டத்தான் வந்திருப்பாரு" என்கிறார் உங்கள் மருமகன். இருக்கலாம். இப்போது படமெல்லாம் வாய்விட்டுப் பேசுகிறது. எனக்கு அந்த வாயசைவு மட்டும்தான் மிச்சம். கோபம் வரும் நாளில் அதில் நீங்கள் என்னைத் திட்டுவதாகவும் வைத்துக்கொள்கிறேன். மற்ற நாளெல்லாம் சோறு வடித்து இறக்கும்போது நானே அதற்குக் குரல் கொடுத்துக்கொள்கிறேன். "வீட்டுக்கு வந்து சோறு தின்னு தாயி."

"வாரேன் அய்யா" என்று சொல்லிவிட்டுத்தான் அடுப்பை அணைக்கிறேன்.