ஒன்பதாம் லைனில் நிற்கும் மாப்பிள்ளைக்கு

சாந்த்ராகாச்சி
20-4-2025, ஞாயிறு

அன்புள்ள மாப்பிள்ளை செந்தில்நாதனுக்கு, உன் மச்சான் மாணிக்கம் எழுதுவது. இங்கே எல்லோரும் நலம். நீயும் நலமாகத்தான் இருக்கிறாய், தினமும் வேலிக்கு இந்தப் பக்கம் நின்று பார்த்துவிட்டுத்தான் ட்யூட்டிக்குப் போகிறேன்.

முதலில் ஒரு வெட்கக்கேட்டைச் சொல்லிவிடுகிறேன். துர்கா பூஜைக்கு உன் நீலச் சட்டையை இரவல் வாங்கினேனே, அதைத் தொலைத்துவிட்டேன் என்று உன்னிடம் சத்தியம் செய்தேன். தொலையவில்லை. இப்போது அதைத்தான் போட்டிருக்கிறேன். கீழ் மூன்று பொத்தான் மாட்டவில்லை. நாலாங்கிளாஸ் படிப்பில் எழுதுகிறேன், பிழை இருந்தால் பல்லைக் காட்டாமல் படி.

இனிச் சொல்வதை நின்ற இடத்திலேயே நின்று படி. வேகனுக்குக் கொக்கி மாட்டிவிட்டு வர உள்ளே போனாய். பத்து விநாடி ஆனதாக நினைத்துக்கொண்டிருப்பாய். வெளியே ஏழு வருஷம் ஆகிவிட்டது. தாளைக் கீழே போட்டுவிடாதே.

அந்தச் சித்திரையில் கால்பைசாகிக் கோடைப் புயலோடு வானத்திலிருந்து காலச்சுழி இறங்கி, நம் ரயில் யார்டில் ஒன்பதாம் லைன்மேல் உட்கார்ந்தது. அதற்கு யார்டு வழக்கம் என்ன என்று உனக்கே தெரியும். உள்ளே போகிறவன் “போயிட்டு வரேன்” என்று சொல்ல வேண்டும். வெளியே நிற்கிறவன் “சீக்கிரம் வா” என்று பதில் சொல்ல வேண்டும். அவன் என்ன சொல்கிறானோ அதுதான் உள்ளே போனவனின் விதி. அதைத் தாண்டிச் சுழிக்கு எதுவும் தெரியாது, விளையாட்டும் தெரியாது.

அன்றைக்கு வெளியே நின்றவன் நான். நீ “போயிட்டு வரேன் மச்சான்” என்றாய். நான் என்ன சொன்னேன் என்று உன் காதில் விழுந்திருக்காது, நீ அதற்குள் நாலு அடி போய்விட்டாய். “மெதுவா வா மாப்பிள்ள, என்ன அவசரம்? என் தங்கச்சி கொஞ்ச நாள் நிம்மதியா இருக்கட்டும்” என்று சொல்லிச் சிரித்தேன். சிரித்து முடிப்பதற்குள் நீ உள்ளே அப்படியே நின்றுவிட்டாய். நிற்கவில்லை, நடக்கிறாய். ஏழு வருஷத்தில் மூன்று அடி வைத்திருக்கிறாய்.

வாய் கூசாமல் எல்லோரிடமும் பொய் சொன்னேன். வழக்கப்படிதான் சொன்னேன், சுழிதான் பிடித்துக்கொண்டது, அது அவன் தலையெழுத்து என்றேன். எழுதினவன் நான் என்று மட்டும் சொல்லவில்லை. தங்கச்சி நீலாவதி என் தோளில் சாய்ந்து அழுதபோதுகூடச் சொல்லவில்லை.

அவள் இப்போது ஹவுராவில் ஒரு பள்ளிக்கூடத்தில் ஆயாவாக இருக்கிறாள். ஞாயிற்றுக்கிழமை தவறாமல் வேலியோரம் வந்து உட்கார்ந்து கீரை ஆய்வாள். நீ போனபோது அவளைவிட மூன்று வயது பெரியவன். இப்போது அவள் உன்னைவிட நாலு வயது பெரியவள். வெளியே வந்து அவளை அக்கா என்று கூப்பிட்டுத் தொலைக்காதே. பார், மறுபடியும் வாய் எங்கே போகிறது என்று.

உன் மகள் பத்மஜாவுக்குப் பதினைந்து நடக்கிறது. தமிழைப் பெங்காலி ராகத்தில் பேசுகிறாள். வருஷா வருஷம் மார்க் ஷீட்டை வேலியில் விரித்துப் பிடித்து உனக்குக் காட்டுவாள். போன மாதம், “மாமா, அப்பாவுக்கு நான் இன்னும் ரெண்டாங்கிளாஸ்தானா?” என்று கேட்டாள்.  கங்கைக்கு அடியில் மெட்ரோ ஓடுகிறது தெரியுமா என்று பேச்சை மாற்றினேன். அவள் தினமும் அதில்தான் ட்யூஷனுக்குப் போகிறாளாம்.

நம் கேங்கில் இருந்து ரிட்டயர் ஆன பெரியவர் தபன்தாதான் வழி சொன்னார். சொன்ன வார்த்தையின் உண்மையை, சொன்னவனே தன் கையால் எழுதி உள்ளே எறிந்தால், அந்தத் தாளைப் பிடித்திருக்கும் வரை உள்ளே இருப்பவனுக்கு நம் நேரம் ஓடுமாம். ஒரு பொய் கலந்தாலும் ஓடாதாம். இதை ஐந்து வருஷம் முன்பே சொன்னார். அப்போது இரண்டு கடிதம் எறிந்தேன். இரண்டிலும் பொய். குனிந்து பார், உன் காலடியில் கிடக்கும். அவற்றைப் படிக்காதே.

போன ஞாயிறு நீலாவதியிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். அவள் கத்தவில்லை. “ஏழு வருஷமா என் கையால சோறு வாங்கி எப்படிண்ணா முழுங்குன?” என்று கேட்டாள். அன்றிலிருந்து சாப்பாட்டு டப்பா மட்டும் தினமும் வருகிறது. ஊறுகாய் வைப்பதில்லை.

இவ்வளவு அவசரம் ஏன் என்றால், எட்டாம் வருஷப் புயல் சுழியைத் தூக்கிக்கொண்டு போய்விடும், உள்ளே இருப்பதையும் சேர்த்து என்கிறார் தபன்தா. இந்த வருஷத்து முதல் புயல் புதன்கிழமை என்று ரேடியோவில் சொன்னார்கள். கல்லில் கட்டி இன்று எறிந்தால் இது செவ்வாய்க்கிழமை உன் கையில் விழும்.

நீ செய்ய வேண்டியது இதுதான். வேகன் கிடக்கட்டும். எங்களைப் பார்த்துத் திரும்பு. தாளை இறுகப் பிடித்துக்கொண்டு “போயிட்டு வரேன்” என்று இன்னொரு தடவை சொல். செவ்வாய் விடிந்ததிலிருந்து நான் சுழி ஓரத்திலேயே நிற்பேன். வழக்கத்தில் உள்ள இரண்டு வார்த்தையைத் தவிர வேறு ஒன்றும் என் வாயிலிருந்து வராது. நீ வெளியே வந்து என்னை எத்தனை அறை அறைந்தாலும் வராது. என்னோடு பேசாவிட்டாலும் பரவாயில்லை, அவர்களுக்காகச் சொல்லிவிடு மாப்பிள்ளை. காளிகாட் அம்மாள் உன் குரலைக் கொண்டுவந்து சேர்க்கட்டும்.

இப்படிக்கு,
உன் விதியைச் சிரித்துக்கொண்டே சொன்ன,
மாணிக்கம்

பி.கு.: நேற்று ஒத்திகைக்காக ஓரத்தில் நின்று “சீக்கிரம் வா” என்று சொல்லிப் பார்த்தேன். உன் வலது கால் செருப்பு மட்டும் வந்து என் முட்டியில் பட்டது. எனவே வரும்போது வலது காலைப் பார்த்து வை, ஜல்லி குத்தும். செருப்பைக் கழுவி வாசலில் காய வைத்திருந்தேன். மதியம் நாய் தூக்கிக்கொண்டு போய்விட்டது.