ஒரு பிடி கேழ்வரகு

26 டிசம்பர் 1984, புதன்

இன்னிக்கு இவரோட தருமபுரி கோட்டைப் பக்கமெல்லாம் நடந்தே சுத்தினேன். அதியமான் ஆண்ட ஊரை நடந்து, தின்னுதான் பார்க்கணுமாம். பாய் கடையில தட்டை மாதிரி இருக்கிற நிப்பட்டைச் சூடா தின்னோம். அப்புறம் பக்கத்து வூட்டு ஸ்டெல்லா அக்கா வூட்டுல கிறிஸ்துமஸ் ஒயின் கொடுத்தாங்க.

ஒரு வாய்தான் குடிச்சேன். அப்படியே எங்க மாமியார் கைப்பக்குவம். காரிமங்கலத்துல இருந்து அவங்க சொல்லி அனுப்பற ஒயின் செய்முறையை இவர் வந்து சொல்வார். நானும் மூணு வருஷமா அதே மாதிரிதான் போடறேன், ஒவ்வொரு தடவையும் புளிச்சுப்போகுது. "எங்கம்மா ஒயின் யாருக்கும் வராது"ன்னு இவர் ஊரெல்லாம் சொல்லிட்டுத் திரியறார்.

எப்படிக்கா போட்டீங்கன்னு கேட்டேன்.

"கடைசியில ஒரு பிடி கேழ்வரகு போடுவேங்க. உங்க மாமியார் சொன்னதுதான்."

இவர் எழுந்து வாசலுக்குப் போயிட்டார்.

பண்டிகைக்கு வந்திருக்கிற மாமியார்கிட்ட, ராத்திரி சோறு போடறப்போ கேட்டேன்.

"கேழ்வரகைத்தானே முதல்ல சொல்லி அனுப்புனேன். அவன் சொல்லலியா?"

உள்ளே வந்து பார்த்தா போர்வைக்குள்ள குறட்டை. மூணு வருஷமா பக்கத்துல படுக்கிறேன், இவர் குறட்டை இப்படி இருக்காது. விளக்கை அணைக்காம எழுதிட்டே இருக்கேன். எவ்வளவு நேரம் விடறார்னு பார்க்கலாம்.