அலமாரிக்குள் ஒரு மைக்

அன்புள்ள அப்பாவுக்கு,

மகளின் வணக்கம். முழங்கால் வலி குறைந்ததா? இப்போதும் அம்மா அதட்டினால்தான் தைலம் தேய்க்கிறீர்களா? நான் வேளைக்குச் சாப்பிடுகிறேன்.

ஒரு சின்னச் சேதி. ஆபீஸில் நான் நடத்திவந்த ஹிப்ஹாப் பாட்காஸ்ட்டுக்கு, அதுதான் அந்த இணைய ஒலிப் பேட்டிக்கு, பெரிய ராப் பாடகர் ஒருவர் வந்தார். பேச்சுவாக்கில், "அந்தப் பாட்டு நான் எழுதலை, ஹோட்டல்ல பாத்திரம் கழுவுற ஒரு அக்கா எழுதினது" என்று மைக்கிலேயே சொல்லிவிட்டார். ராப் பாடுகிறவர் தன் வரிகளைத் தானே எழுத வேண்டும்; அவருக்கு இதைவிட மானக்கேடு கிடையாது.

எங்கள் ஆபீஸ் மேனேஜர், "அதை வெட்டிடும்மா, நமக்கெதுக்கு வம்பு" என்றார்.

"வெட்டினா அந்த அக்கா வயித்துல அடிச்ச மாதிரி சார்" என்றேன். ஒரு வார்த்தை குறைக்காமல் வெளியிட்டேன். மறுநாளே என் அடையாள அட்டையை வாங்கிக்கொண்டார்கள்.

கவலைப்படாதீர்கள். இப்போது அறையிலுள்ள துணி அலமாரிக்குள் உட்கார்ந்து பதிவு செய்கிறேன். தொங்கும் துணிகள் எதிரொலியை விழுங்கிவிடும். கதவில் மாட்டத்தான் கனமாக ஒன்று வேண்டும். உங்கள் பழைய கம்பளியை அனுப்புங்கள். அம்மா அதைத் துவைக்க வேண்டாம்.

பேட்டியைக் கேட்டுவிட்டு அந்த அக்காவே போனில் சொல்லிவிட்டு என்னைத் தேடி வந்திருக்கிறார், இதோ அறைக் கதவைத் தட்டுகிறார். அடுத்த பேட்டி அவருடையதுதான். எனக்கு வேலை போய்விட்டதா என்று யாராவது கேட்டால், ஆபீஸ்தான் போனது, வேலை என் மகளிடமே இருக்கிறது என்று சொல்லுங்கள்.

உங்கள் மகள்