திரும்பிப் பார்த்தானா

வாலு மகளுக்கு,

அப்பா எழுதுவது. இங்கே நான், அம்மா, தையல் மெஷின் மூவரும் சௌக்கியம். அங்கே நீயும் வேளாவேளைக்குச் சாப்பிட்டு நன்றாக இருப்பாய் என்று நம்புகிறேன். அம்மாவின் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்து கட்டும் பிரித்தாயிற்று, பயப்படாதே. எனக்குத்தான் தலை சுற்றுகிறது, யாரிடம் சொல்வதென்று தெரியாமல் உனக்கு எழுதுகிறேன்.

ஒரு கண்ணில் கட்டு, மறு கண் மங்கல் என்றிருந்தும் அம்மா டிவியில் அந்தக் காதல் தொடரை விடவில்லை, காதால் கேட்டாள். ஆனால் அதில் முக்கியமான இடத்தில் ஒருவரும் வாய் திறப்பதில்லை, வயலின்தான் அழுகிறது. உடனே என்னை இடித்து, என்ன நடக்குது சொல்லுங்களேன் என்பாள். நான் என்னத்தைக் கண்டேன்? அவன் கோட்டுக்குத் தோள் இறங்கியிருக்கு, அவள் சட்டையில் கை பிடிக்குது என்றேன். உங்ககிட்டப் போய்க் கேட்டேன் பாருங்க என்று தலையில் அடித்துக்கொண்டாள். சரி போகட்டும் என்று முகங்களைப் பார்க்க ஆரம்பித்தேன், வந்தது வினை. டீச்சரம்மாவின் துணியை அரைகுறையாக விட்டுவிட்டுக் கடையைச் சீக்கிரம் சாத்திவிட்டு ஓடி வருகிறேன். அழுகிறவர்கள் சம்பளம் வாங்கிக்கொண்டு அழுகிறார்கள், தெரிந்தும் நான் ஏன் துண்டால் கண்ணைத் துடைக்கிறேன்? உனக்காவது புரிகிறதா?

கடைசி நாள் அவன் அவளை விட்டுவிட்டு ரயிலேறப் போனான். ஒரே மௌனம். அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு, திரும்பிப் பார்த்தானா, பார்த்தானா என்றாள். பாவி பார்க்கவில்லை, விறுவிறுவென்று ஏறிவிட்டான். அம்மாவின் முகத்தைப் பார்த்ததும் என் வாயில் பார்த்தான் என்றே வந்துவிட்டது. அவளும் நிம்மதியாகத் தூங்கினாள்.

நேற்று அதையே மறுபடி போட்டார்கள், புதுக் கண்ணால் பார்த்துவிட்டாள். தொலைந்தேன் என்று நினைத்தேன், திட்டவே இல்லை. டிவியை அணைத்துவிட்டு, நம்ம பொண்ணு டாக்சியில ஏறுறப்ப திரும்பிப் பார்த்தாள்னு சொன்னீங்களே, அதுவும் இப்படித்தானா என்று கேட்டாள். அன்று உன்னோடு சண்டை போட்டுக்கொண்டு சமையலறையை விட்டு வராமல் இருந்தாளே, நீ போன பிறகு வெளியே வந்து அவள் கேட்ட முதல் கேள்வி, திரும்பிப் பார்த்தாளா என்பதுதான். பார்த்தாள் என்று நான் சொல்லி வைத்தேன். இத்தனை காலமும் அவளுக்கு அது ஒன்றுதான் ஆறுதல்.

சத்தியமாக எனக்குத் தெரியாதம்மா. உன் தோள்பையின் பட்டையில் தையல் விட்டிருந்தது, வழியில் அறுந்துவிடுமோ என்று அதையே பார்த்துக்கொண்டு நின்றேன். உன் முகத்தைப் பார்க்கவில்லை. இப்போது ஆமாம் என்றும் சொல்ல முடியவில்லை, இல்லை என்றும் சொல்ல முடியவில்லை. அம்மா காலையிலிருந்து ஜன்னலோரம் உட்கார்ந்திருக்கிறாள். நீ பார்த்தாயா? எனக்கு எழுத வேண்டாம், அவளுக்கே போன் போடு. பார்க்கவில்லை என்றாலும் போடு.

எந்தக் குறையும் இல்லாமல் நீ மகராசியாக இருக்க வேண்டும். அந்தப் பையைக் கண்டவரிடம் தைக்கக் கொடுக்காதே, வரும்போது எடுத்து வா. திரும்பிப் போகும்போது வாசலில் அம்மா நிற்பாள்.

உன் முகத்தைப் பார்க்காமல் விட்ட
அப்பா