மூக்கு மாமா சொல்லாத வசனம்

அக்கா,

இன்று நடந்ததை ஒன்று விடாமல், உள்ளது உள்ளபடியே எழுதப்போகிறேன். உனக்கு வலித்தாலும் மாற்றி எழுத மாட்டேன்.

நகர நடுவில், கியாக்டடாவில் ஒரு மாடி அறையில் மூக்கு மாமாவின் இரண்டு படங்களைக் கீழே பர்மிய மொழியில் எழுத்து ஓடக் காட்டுகிறார்கள். முதல் படம் முடிந்து இப்போது இடைவேளை. பக்கத்து நாற்காலிக்காரர் வறுத்த சூரியகாந்தி விதைப் பொட்டலத்தைப் பிரித்தார். அந்த வாசனையில் நம் தாகேதா வீட்டின் பாயும், வாய் நிறைய விதையோடு கதை சொல்லும் நீயும் அப்படியே வந்துவிட்டீர்கள்.

அந்த இத்தாலி நடிகருக்கு அம்மாதான் மூக்கு மாமா என்று பெயர் வைத்தாள். நடைபாதையில் நீ வாங்கி வந்த வட்டுகளில் எந்த மொழியிலும் எழுத்து ஓடாது. அதனால் என்ன, நீதான் மாலை வகுப்பில் இத்தாலி மொழி படிக்கிறாயே! படம் ஓட ஓடத் தமிழில் சொல்லிக்கொண்டே வருவாய். ஒன்றில் அவர் ஊரையே சிரிக்கவைக்கும் ஜேப்படித் திருடன். அடுத்ததில் சிரிக்கவே தெரியாத நீதிபதி. பிறகு பாதிரியார், கொலைகாரன், பார்வையற்ற வாத்தியக்காரர். "இந்தாளுக்குச் சொந்த மொகமே கெடையாதுடி" என்பாய். அத்தனை பேருக்கும் உன் குரல்தான்.

கடைசியாக நீ சொன்ன படத்தில் அவர் ஊரை விட்டுப் போகும் அண்ணன். ரயில் நிலையத்தில் தம்பியின் கன்னத்தைத் தொட்டு ஏதோ சொன்னார். "நான் மொதல்ல போயி ஒரு எடம் பாத்துட்டு உன்னையும் கூப்பிட்டுக்கறேன். துணிமணிய எடுத்து வச்சுக்க. கண்டிப்பா கூப்பிடுவேன்..." நீ சொல்லிக்கொண்டே போனாய்.

அம்மா சிரித்தாள். "அந்தாளு வாய மூடி எவ்ளோ நேரமாச்சு, நீ இன்னும் பேசறியேடி?"

"இத்தாலிக்காரங்க மூக்காலயும் பேசுவாங்கம்மா."

நானும் அம்மாவும் உருண்டு சிரித்தோம். நீ பாயைப் பார்த்துக்கொண்டிருந்தாய். மிச்சப் படம் கீறல் என்று வட்டை எடுத்துவிட்டாய்.

அடுத்த வாரம் யாரிடமும் சொல்லாமல் தாய்லாந்து எல்லையைத் தாண்டிவிட்டாய். இரண்டு முறை பேசினாய். பிறகு அந்த எண் வேலை செய்யவில்லை. "நல்லாத்தான் இருப்பா, விடு" என்றாள் அம்மா. நான் அழவில்லை. நீ சொன்னபடி கட்டிலுக்கடியில் பை கட்டி வைத்தேன். நான் வளர வளர, பழைய சட்டையை எடுத்துவிட்டுப் பெரியதாக ஒன்று வைத்தேன்.

இன்று அதே படம். மூக்கு மாமா கன்னத்தைத் தொட்டார். கீழே ஓடியது ஒரே வரி: "ரயிலின் பின்னால் ஓடி வராதே, விழுந்துவிடுவாய்." அவ்வளவுதான். படம் முடியும்வரை அவர் தம்பியைக் கூப்பிடவே இல்லை.

படம் போடும் ஆசிரியையைச் சயாமா என்கிறார்கள். அவரிடம், எதிர் மாடியில் நடக்கும் மாலை வகுப்பில்தான் என் அக்கா இத்தாலி படித்தாள் என்று சொன்னேன். அவர் சிரித்துக்கொண்டே பர்மியத்தில் சொன்னார்: "அங்கயா? அங்க தாய்லாந்து பாஷைதாம்மா. வேலைக்குப் போற பிள்ளைங்க படிக்கறது. இத்தாலிக்கு எங்க போறது?"

நானும் சிரித்து வைத்தேன்.

நீ போனதற்காக எனக்குக் கோபமில்லை, அக்கா. நம் தெருவில் எத்தனையோ பேர் போய்விட்டார்கள். உன் வாயால் கொடுக்க வேண்டிய வாக்கை மூக்கு மாமாவின் வாயில் வைத்துக் கொடுத்தாயே, அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. மீறினாலும் நீ மீறியதாகாது என்று நினைத்தாயா? தொடக்கத்தில் மூக்கு மாமாவும் மற்ற நடிகர்களின் முகங்களுக்குக் குரல் மட்டும் கொடுத்துக்கொண்டிருந்தாராம், சயாமா சொன்னார். அப்போது அவர் யாரென்று எவருக்கும் தெரியாதாம். நீ குரல் கொடுத்துச் சொன்ன வாக்கை நான் யாரிடம் போய்க் கேட்பது?

ஆனாலும் ஒன்று என்னை விட்டுப் போகவில்லை. எழுத்தைப் படித்து முடிக்கும் முன்பே என் காதில் உன் தமிழ் கேட்டுவிடுகிறது. இன்று படம் முழுவதும் கேட்டது. பாதி தப்பு என்று தெரிந்தபிறகும் கேட்டது.

அடுத்தது மூக்கு மாமாவின் கடைசிப் படமாம். கிழவராக வருகிறாராம். அந்த வட்டு நமக்குக் கிடைத்ததே இல்லை.

"இருந்து பாக்கறியா, கெளம்பறியா?" என்று சயாமா கேட்டார்.

இருக்கிறேன் என்றேன். மூக்கு மாமா என்ன சொல்கிறார் என்று இந்த முறை நானே தெரிந்துகொள்ள வேண்டும். விளக்குகளை அணைத்துவிட்டார்கள்.