விஜயாவை வண்டியில் கொண்டுவந்து விட்டது யார்?

அன்புத் தணிகாவுக்கு,

நீ இருந்திருந்தால் இந்நேரம் என் மெக்கானிக் ஷெட்டில் உட்கார்ந்து டீயை ஆற்றிக்கொண்டே ஊர்வம்பு பேசிக்கொண்டிருப்பாய். இப்போது உன் வீட்டைப் பற்றியே வம்பு பேசுகிறார்கள், அதுவும் அரசாங்கச் சம்பளம் வாங்கிக்கொண்டு. எனக்கு வயிறு எரிகிறது. உன்னிடம் கத்தாமல் வேறு யாரிடம் கத்துவேன்?

ரோட்டுக் குழிக்குத் தார் ஊற்றிக்கொண்டிருந்த உன்னை லாரி அடித்துப் போட்டது. அதற்காக உன் மனைவி விஜயாவுக்குக் கருணை அடிப்படையில் வேலை தருவார்களாம். அந்தக் கருணைக்கு எத்தனை நிபந்தனை தெரியுமா? சொத்து இருக்கக் கூடாது. வீட்டில் வேறு யாரும் சம்பாதிக்கக் கூடாது. உன் அம்மா ஆட்சேபணை இல்லை என்று கைநாட்டு வைக்க வேண்டும். எல்லாம் கொடுத்தாயிற்று. கடைசியாக, அவள் மறுமணம் செய்துகொள்ளவில்லை என்று தாலுகா ஆபீஸில் சான்று வாங்க வேண்டும்.

அதற்கு மனு கொடுக்கப் போன அன்றைக்குத்தான் நம் ஊர் கே.ஜி.கண்டிகைக்கு பஸ் வரவில்லை. விஜயா போன் செய்தாள். என் வண்டியில் திருத்தணிக்கு அழைத்துப் போய் ஆபீஸ் வாசலில் இறக்கிவிட்டேன். அதுவே வினையாகிவிட்டது. விசாரிக்கும் அதிகாரி ஜன்னல் வழியாக என் தாடியையும் குல்லாயையும் பார்த்திருக்கிறார்.

“யாரும்மா அவுரு, வண்டில இட்டாந்து வுட்டாரே?”

“எங்க அண்ணங்க.”

“பாய் எப்படிம்மா உனக்கு அண்ணன் ஆவாரு?”

சுற்றி இருந்தவர்கள் சிரித்தார்களாம். ஆஸ்பத்திரியிலிருந்து உன்னை வாங்கி வந்து வீட்டில் கிடத்தியவன் நான். அன்றைக்கு எவனும் என்னிடம் உறவுமுறை கேட்கவில்லையே!

அதோடு விட்டாரா? உங்கள் தெருமுனை டீக்கடைக்கே வந்து அலமேலு அக்காவிடம் விசாரித்திருக்கிறார், அந்த பாய் அடிக்கடி வருகிறாரா என்று.

“ஆங், வந்துகினுதான் இருக்காரு. செத்தவனோட கூட்டாளி சார். வராம இருந்தாத்தான் தப்பு.”

அவர் முதல் பாதியை மட்டும் எழுதிக்கொண்டு போய்விட்டார். சான்று நின்றுவிட்டது.

அன்று மாலை விஜயா அழுதுகொண்டே போன் செய்தாள். “அண்ணா, ஆர்டர் வர்ற வரிக்கும் வூட்டாண்ட வராதீங்க.” சரிம்மா என்றேன். வேறென்ன சொல்வது? அந்த வேலை ஒன்றுதான் உன் வீட்டில் அடுப்பு எரிய வழி.

போன வாரம் பவானி செயின் அறுந்த சைக்கிளைத் தள்ளிக்கொண்டு ஷெட்டுக்கு வந்தாள். செயினை மாட்டிக் கொடுத்தேன். கிளம்பும்போது கேட்டாள்: “மாமா, எங்க மேல கோவமா?” உன் பெண்ணுக்கு இந்த நிபந்தனையை நான் எப்படிடா விளக்குவேன்?

இன்னொன்றும் கேட்கிறேன். விஜயா நாளைக்கே ஒருவனைக் கட்டிக்கொண்டால்தான் என்ன? நீ ரோட்டில் செத்தது இல்லையென்று ஆகிவிடுமா? பவானி உன் பெண் இல்லை என்று ஆகிவிடுமா? அவள் வேலைதானே கேட்டாள். அதற்கு எதற்கு அவள் வீட்டு வாசலில் காவல்?

இன்று மறுபடி விஜயாவிடமிருந்து போன் வந்தது. நாளைக்கு தாசில்தாரே நேரில் விசாரிக்கிறாராம்.

“அண்ணா, காலைல வண்டி எடுத்துகினு வாங்க.”

“வேணாம்மா, அப்புறம் அதையும் எழுதுவாங்க.”

“எழுதிக்கட்டும். பயந்துகினு ஒளிஞ்சாத்தான் தப்பு பண்ண மாதிரி இருக்கும். எனக்கு அண்ணன் இருக்காருன்னு அவர் எதிர்லயே சொல்றேன்.”

உன் பெண்டாட்டிக்கு இவ்வளவு தைரியம் எங்கிருந்து வந்தது என்று தெரியவில்லை. சான்று கிடைக்குமோ கிடைக்காதோ, அதுவும் தெரியவில்லை.

ஆனால் போவேன் தணிகா. பட்டப்பகலில், அதே வண்டியில், அதே வாசலில் அவளை இறக்கிவிடுவேன். அவள் வெளியே வரும்வரை அங்கேயே நிற்பேன். என்னையும் கூப்பிட்டு நீ யார் என்று கேட்டால், இந்தக் கடிதத்தின் கீழே உனக்குப் போட்டிருக்கும் இதே கையெழுத்தை அவர்களுக்கும் போட்டுக் கொடுப்பேன்.

இப்படிக்கு,
விஜயாவின் அண்ணன், பவானியின் மாமன்,
உன் மச்சான்
காதர்